என்ஜி டேக்கையும் பாருங்கள்

"எந்த சாஃப்ட்வேர் கத்துக்கணும் அண்ணா?" எடிட்டிங்குக்கு வர நினைக்கும் பிள்ளைகள் என்னிடம் கேட்கும் முதல் கேள்வி இதுதான். பலருக்குக் கடைசிக் கேள்வியும் இதுதான். பதில் சுருக்கமானது. சென்னையில் பெரிய படங்கள் பல இன்னும் அவிட்டில் நடக்கின்றன. சின்னப் படம், வெப் சீரிஸ், விளம்பரம் என்றால் பெரும்பாலும் பிரீமியர் ப்ரோ. கலர் வேலைக்காக வாங்கிய டாவின்ச்சி ரிசால்விலேயே எடிட்டையும் முடித்துவிடுகிறவர்களும் இருக்கிறார்கள். ஒன்றை ஒழுங்காகப் பழகிக்கொண்டால் அடுத்தது சில வாரங்களில் கைக்கு வந்துவிடும். மூன்று மாத சாஃப்ட்வேர் பயிற்சிக்கு லட்சக்கணக்கில் கேட்கிறார்கள் என்றால் கும்பிடு போட்டுவிட்டு வந்துவிடுங்கள்.

உண்மையில் கஷ்டமானது வேறு. எடிட் ரூமில் டைரக்டர் இருப்பார், தயாரிப்பாளர் வந்துபோவார், ஹீரோவின் மேனேஜர் எட்டிப் பார்ப்பார். எல்லோருக்கும் ஒரு அபிப்பிராயம் இருக்கும், எல்லோருக்கும் எடிட்டரைவிட அதிகாரமும் இருக்கும். அந்த அறையில் எடிட்டருக்கு இருக்கும் ஒரே பலம், எடுத்தது அத்தனையையும் அவர் பார்த்திருக்கிறார் என்பதுதான். டைரக்டர் பேசுவது ஸ்பாட்டில் மானிட்டரில் பார்த்த ஞாபகத்தை வைத்து. எடிட்டர் பேசுவது நேற்று ராத்திரி உட்கார்ந்து பார்த்ததை வைத்து. சாலிகிராமத்திலும் வடபழனியிலும் இத்தனை வருஷம் நான் தாக்குப்பிடித்தது இந்த ஒன்றால்தான் என்று நினைக்கிறேன்.

தொழிலுக்குள் வர இரண்டு வாசல். ஒன்று படிப்பு. தரமணியில் இருக்கும் எம்.ஜி.ஆர். அரசு திரைப்பட, தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனம், புனேயில் எஃப்டிஐஐ, கொல்கத்தாவில் சத்யஜித் ராய் நிறுவனம், மூன்றிலும் எடிட்டிங் தனிப் பிரிவாக இருக்கிறது. இன்னொன்று, ஒரு எடிட்டரிடம் அசிஸ்டண்டாகச் சேர்வது. நான் பாளையங்கோட்டையில் விஸ்காம் முடித்துவிட்டு, ஊர்க்காரர் ஒருவர் கைகாட்ட, இரண்டாவது வாசலில் நுழைந்தவன். இன்ஸ்டிட்யூட்டில் படித்து வருகிறவர்களுக்கு ஒரு கட் ஏன் வேலை செய்கிறது என்று வாய்விட்டுச் சொல்லத் தெரியும். எங்களுக்குக் கைவேகம் இருக்கும், எந்த நேரத்தில் வாயைத் திறக்கக்கூடாது என்று தெரியும். பத்து வருஷம் போனால் யார் எந்த வாசலில் வந்தவர் என்று கண்டுபிடிக்க முடியாது.

அசிஸ்டண்ட் என்றால் டீ வாங்கிக்கொடுக்கிற பையன் என்று ஊரில் நினைக்கிறார்கள். டீயும் வாங்குவோம். ஆனால் உண்மையான வேலை ஷூட்டிங்கிலிருந்து ஹார்ட் டிஸ்க் வந்ததும் ஆரம்பிக்கும். அதை இரண்டு தனித்தனி டிஸ்க்கில் காப்பி போடவேண்டும். காப்பியான ஃபைலும் மூலமும் ஒன்றுதானா என்று சரிபார்க்கும் சாஃப்ட்வேரில் ஓட்டவேண்டும். வெறும் இழுத்துப்போடும் காப்பியை நம்பக்கூடாது. ஒரு டிஸ்க் எடிட் ரூமில் இருந்தால் இன்னொன்று வேறு கட்டடத்தில் இருக்கவேண்டும். ஏசி தண்ணீர் ஒழுகி ஒரே அலமாரியில் இருந்த இரண்டு டிஸ்க்கும் சேர்ந்து போன கதை கோடம்பாக்கத்தில் உண்டு. அப்புறம் எடிட்டுக்கு லேசான ப்ராக்ஸி ஃபைல்களை உருவாக்கி, கிளாப் அடிக்கும் ஃப்ரேமையும் அந்தச் சத்தத்தையும் சேர்த்து சிங்க் பண்ணி, சீன், ஷாட், டேக் (ஒரே ஷாட்டைத் திரும்பத் திரும்ப எடுக்கும் ஒவ்வொரு தடவையும் ஒரு டேக்) வரிசையில் பெயர் வைத்து அடுக்கவேண்டும்.

சலிப்பான வேலைதான். ஆனால் படத்தின் ஒவ்வொரு டேக்கும் உங்கள் கண்ணையும் காதையும் கடந்து போவது இந்த வேலையில் மட்டும்தான். எடிட்டர் பதினோரு மணிக்கு வந்து உட்கார்ந்து, "கிணத்தடி சீன்ல அந்த அம்மா திரும்பிப் பாக்குற ஷாட் இன்னொண்ணு இருக்குமே தம்பி" என்று கேட்பார். ஐந்து நொடியில் அதைத் திறந்துகாட்டும் பையனை அவர் அடுத்த படத்துக்கும் கூட்டிப்போவார். ஸ்பாட்டில் ஒவ்வொரு டேக்கையும் குறித்துவைக்கும் கன்டினியூட்டி ஷீட்டைப் பார்த்து, என்ஜி ('நோ குட்', சரியில்லை) என்று எழுதியதை விட்டுவிட்டு, ஓகே என்று குறித்த டேக்கை மட்டும் சிங்க் பண்ணிவிட்டு வீட்டுக்குப் போன பையனால் அதைத் திறக்கமுடியாது.

அப்போது பிடித்த ஒரு பழக்கத்தை இன்னும் விடவில்லை. முதல் தடவை ஃபுட்டேஜ் பார்க்கும்போது பக்கத்தில் ஒரு நோட்டு இருக்கும். ஷாட் நல்லதா கெட்டதா என்று எழுதமாட்டேன். எங்கே சிரித்தேன், எங்கே என்னை அறியாமல் போனை எடுத்தேன், எங்கே வசனம் புரியாமல் திரும்ப ஓட்டினேன் என்று மட்டும் டைம்கோடோடு (எத்தனையாவது நிமிஷம், நொடி, ஃப்ரேம் என்ற எண்) எழுதிவைப்பேன். நாற்பதாவது தடவை பார்க்கும்போது எந்த உணர்ச்சியும் மிச்சம் இருக்காது. தியேட்டருக்கு வருகிறவர் முதல் தடவை பார்க்கப்போகிறவர். அவர் எப்படிப் பார்ப்பார் என்பதற்கு என்னிடம் இருக்கும் ஒரே சாட்சி அந்த நோட்டுதான்.

எங்கள் ரூமில் சீனியர் அசிஸ்டண்ட் ஒரு அண்ணன், ஃபிலிம் காலத்து ஆள். 35 எம்எம் ஃபிலிமில் ஒரு அடிக்கு 16 ஃப்ரேம், நொடிக்கு 24 ஃப்ரேம், ஆக ஒரு நிமிஷப் படம் 90 அடி என்பதை அவர் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வார். வெட்டிய துண்டுகளை ஊசியில் மாட்டித் துணிப்பைக்குள் தொங்கவிடுவார்களாம். அவசரத்துக்குத் தோளிலும் கழுத்திலும் போட்டுக்கொள்வார்களாம். ஃபிலிம் சிமெண்ட் என்ற பசை வைத்து ஒட்டியதைப் பிரித்துத் திரும்ப ஒட்டினால் ஒரு ஃப்ரேம் போய்விடும் என்பதால், வெட்டுவதற்கு முன்னால் மூவியோலா என்ற எடிட்டிங் மெஷினில் பலமுறை ஓட்டிப் பார்ப்பார்கள். அதைப் பொற்காலம் என்று சொல்லமாட்டேன், அண்ணனுக்கு முதுகு போனதே அந்த வேலையில்தான். ஆனால் ஒரு ஷாட்டைத் தேட ரீலை முன்னும் பின்னும் சுற்றியே ஆகவேண்டும், சுற்றும்போது வேண்டாத டேக்கும் கண்ணில் படும். இப்போது நேராக டேக் நாலைக் கிளிக் பண்ணலாம். டேக் மூன்றில் என்ன இருந்தது என்று யாருக்கும் தெரியாமலே படம் ரிலீஸ் ஆகிவிடலாம்.

கோடம்பாக்கத்தில் எடிட் ரூமிலிருந்து டைரக்டர்கள் வந்த வரலாறு பெரியது. கிருஷ்ணன்-பஞ்சு டைரக்டர் இரட்டையரில் பஞ்சு எடிட்டர். அவர்களிடம் உதவியாளராக இருந்தவர் டைரக்டர் ஏ.பீம்சிங். அவருடைய மகன்தான் எடிட்டர் பி.லெனின். டைரக்டர் எஸ்.பி.முத்துராமன் ஏவிஎம்மின் எடிட்டிங் பிரிவில் தொடங்கியவர். தேசிய விருதைப் பலமுறை வாங்கிய ஸ்ரீகர் பிரசாத்தின் அப்பா அக்கினேனி சஞ்சீவியும் எடிட்டர்தான். வீட்டிலேயே தொழிலைப் பார்த்து வளர்ந்தவர்கள் சிலர். மற்றவர்களுக்கு எடிட்டர் நாற்காலிக்குப் பின்னால் போட்ட ஸ்டூல்தான் பள்ளிக்கூடம். நல்ல இடம் அது. டைரக்டர் கோபப்படும்போது எடிட்டர் என்ன பண்ணுகிறார் என்று அங்கிருந்து பார்த்தால்தான் தெரியும். என் குரு எதுவுமே பேசமாட்டார். டைரக்டர் கேட்டதை அப்படியே செய்து ஓட்டிக்காட்டுவார், பிறகு தன்னுடையதை ஓட்டிக்காட்டுவார், அப்புறம் டீ சொல்வார். டீ வருவதற்குள் பெரும்பாலும் முடிவு தெரிந்துவிடும்.

அசிஸ்டண்ட் சம்பளத்தில் வாடகை கொடுக்கமுடியாத ஒரு கட்டத்தில் சீரியலுக்குப் போனேன். சீரியல் எடிட்டர் என்றால் சினிமாக்காரர்கள் ஒரு மாதிரி பார்ப்பார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. அரைமணி நேர ஸ்லாட்டில் விளம்பரம் போக ஏறக்குறைய 22 நிமிஷத்தை நிரப்பவேண்டும். வளசரவாக்கத்தில் ஏதோ ஒரு பங்களாவில் காலையில் ஷூட்டிங், சாயங்காலம் பைக்கில் டிஸ்க் வரும், ராத்திரி எடிட், விடியற்காலையில் ரெடிமேட் பின்னணி இசை. கையிருப்பு எபிசோடுகளுக்கு பேங்க் என்று பெயர். பேங்க் தீர்ந்துவிட்டால் இன்று எடுத்தது நாளை ராத்திரியே டெலிகாஸ்ட். கட் பண்ண யோசிக்க நேரமில்லை, கை யோசிக்கவேண்டும். நடிகர் டேட் கொடுக்கவில்லை, மழை வந்துவிட்டது என்று ஃபுட்டேஜ் பதினாறு நிமிஷம்தான் வந்திருக்கும். மீதியை ரியாக்‌ஷனில்தான் கட்டவேண்டும். மாமியார் ஒரு வார்த்தை சொன்னால் கூடத்தில் நிற்கிற ஒன்பது பேர் முகத்துக்கும் போவோமே, அது கலை இல்லை, கணக்கு.

அந்தக் கணக்கில் நான் கற்றது நிறைய. எந்த முகம் எத்தனை நொடி தாங்கும் என்று தெரிந்தது. அம்மா வேஷம் போடும் ஒரு நடிகையை மூன்று முறை காட்டினாலும் மூன்று முறையும் கண்ணில் வேறு ஏதாவது நடக்கும். ஹீரோ முகத்தில் இரண்டாம் நொடியிலேயே சரக்கு தீர்ந்திருக்கும். அடுத்து, காது. சீரியல் பார்க்கிறவர் பாதி நேரம் வெங்காயம் நறுக்கிக்கொண்டிருப்பார், கேட்டுக்கொண்டுதான் இருப்பார். ஒரு வசனம் புரியாமல் போனால் தலை நிமிராது. அதனால் படத்தை மூடிவிட்டுச் சத்தத்தை மட்டும் ஒருமுறை கேட்டுவிட்டு அனுப்பப் பழகினேன். இப்போது படத்துக்கும், வெப் சீரிஸுக்கும் அதையே செய்கிறேன். ஆடாத, ஓடாத சீன் என்றால் கண்ணை மூடிக் கேட்டுப்பாருங்கள். எங்கே இழுக்கிறது என்று காது சொல்லிவிடும்.

சீரியலிலிருந்து வருகிறவர்கள் உதறவேண்டிய ஒன்றும் இருக்கிறது. யார் பேசுகிறாரோ அவர் முகத்துக்கே போவது. டைரக்டர்களுக்கு அது உடனே கண்ணில் பட்டுவிடும். இதற்கு எளிய பயிற்சி: அடுத்தவர் பேச ஆரம்பித்த பிறகும் கேட்கிறவர் முகத்தில் அரை நொடி நில்லுங்கள். சில இடத்தில் முழு வரியும் அங்கேயே நில்லுங்கள். 'அப்பா ஆஸ்பத்திரியில இருக்கார்' என்று சொல்கிற வாயைப் பார்க்க யாருக்கும் ஆசை இல்லை.

என்ஜி டேக் விஷயத்துக்கு வருகிறேன். ஒரு கிராமத்துப் படத்தில், பெண் வீட்டைவிட்டுப் போய்விட்டாள் என்று அப்பாவுக்குத் தெரியும் காட்சி. ஓகே டேக்குகள் எல்லாவற்றிலும் அழுகை. நல்ல நடிகர், நன்றாகத்தான் அழுதார். தயாரிப்பாளருக்கு அந்த அழுகை ரொம்பப் பிடித்திருந்தது. என்ஜி என்று எழுதிய ஒரு டேக்கில் கேமரா ஓட ஆரம்பித்துவிட்டது, ஜெனரேட்டரில் ஏதோ பிரச்சினை, கிளாப் வரவில்லை. நடிகர் திண்ணையில் சும்மா உட்கார்ந்திருக்கிறார். வலது தோளில் கிடந்த துண்டை எடுத்து இடது தோளில் போடுகிறார், வாசலைப் பார்க்கிறார், மறுபடி துண்டைச் சரிபண்ணுகிறார். பதினோரு நொடி. அவர் நடிக்கவே இல்லை, அடுத்து என்ன செய்வது என்று தெரியாமல் காத்திருக்கிறார். கதையில் அந்த அப்பாவும் அதைத்தான் செய்யவேண்டும்.

அதை வைத்து சீனை முடித்துக்காட்டியபோது டைரக்டர், "இது எப்ப எடுத்தோம்?" என்று கேட்டார். அழுகை போய்விட்டதே என்று தயாரிப்பாளருக்கு வருத்தம். இரண்டையும் ஒருவாரம் வைத்திருந்து நாலு பேருக்குப் போட்டுக்காட்டியபின் திண்ணை ஷாட் நின்றது. ஆனால் கதை அத்தோடு முடியவில்லை. துண்டு இப்போது இடது தோளில். அடுத்த சீனில் அவர் எழுந்து நடக்கும் வைட் ஷாட்டில் துண்டு வலது தோளில். அந்த வைட் ஷாட்டைத் தூக்கிவிட்டு, கால் செருப்பைத் தேடும் க்ளோசப்பில் தொடங்கினேன். அந்த க்ளோசப்பும் வேறு சீனுக்கு எடுத்ததில் மிஞ்சியதுதான். ஒரு ஷாட்டை மாற்றினால் முன்னும் பின்னும் இரண்டு இடத்தில் ஒட்டுப்போட வேண்டியிருக்கும். அதற்கும் ஃபுட்டேஜ் தெரிந்திருக்கவேண்டும். 'ஆக்‌ஷன்' சொல்வதற்கு முந்திய சில நொடிகளும் 'கட்' சொன்ன பிறகு வரும் சில நொடிகளும் யாரும் தேடாத பொக்கிஷம்.

டப்பிங் பற்றி ஒன்று. தமிழில் இன்னும் நிறையப் படங்களுக்கு ஸ்பாட்டில் பதிவாவது பைலட் ட்ராக், அதாவது டப்பிங்குக்கு வழிகாட்டும் தற்காலிகச் சத்தம், மட்டும்தான். அதில் ஜெனரேட்டர் இரைச்சல் இருக்கும், தமிழ் தெரியாத நடிகருக்கு உதவி இயக்குநர் வசனம் எடுத்துக்கொடுக்கும் குரலும் இருக்கும். அதை வைத்து எடிட் பண்ணும்போது அந்த இடைவெளிகள் நடிப்பு மாதிரியே தோன்றும். உண்மையில் அவர் அடுத்த வார்த்தைக்காகக் காத்திருந்திருப்பார். டப்பிங் முடிந்தபின் ஒவ்வொரு சீனையும் புதிதாகப் பாருங்கள். லாக் பண்ணிய, அதாவது இனி எடிட் மாறாது என்று முடிவான, படம்தானே என்று விடாதீர்கள். நொடிக்கணக்கில் தளர்ச்சி தெரியும்.

தற்காலிக இசை வைத்து எடிட் பண்ணுவதை நான் குறைத்துவிட்டேன். ஏதாவது பிரபலமான இசையைப் போட்டால் எந்த சீனும் நன்றாகத்தான் தெரியும். சீன் சரியில்லை என்பது ரீ-ரெக்கார்டிங்கில் படத்தின் சொந்தப் பின்னணி இசை வரும்போதுதான் வெளியே வரும். அதற்குள் டைரக்டருக்கு அந்த இசையே பழகிப்போய், மியூசிக் டைரக்டர் உயிரை வாங்குவார்.

படத்தை முதலில் வெளி ஆட்களுக்குப் போட்டுக்காட்டும்போது கண்டிப்பாக வரும் கமெண்ட், "செகண்ட் ஹாஃப் லேக்". உடனே செகண்ட் ஹாஃபில் கத்தரியைப் போடுவார்கள். நான் முதலில் அங்கே கைவைப்பதில்லை. ஆள் நெளிய ஆரம்பித்த இடத்துக்கு இருபது நிமிஷம் முன்னால் போய்ப் பார்ப்பேன். பெரும்பாலும் ஒரு தகவலை இரண்டு முறை சொல்லியிருப்போம், அல்லது ஒரு கதாபாத்திரம் என்ன வேண்டும் என்று அலைகிறது என்பதைச் சொல்லாமலே விட்டிருப்போம். ஒருமுறை இடைவேளைக்கு முன்னால் வரும் நாலு வரி வசனத்தைத் திரும்பச் சேர்த்தோம். படம் நீளமானது, லேக் என்ற பேச்சு நின்றது. போட்டுக்காட்டும்போது திரையைப் பார்க்காதீர்கள், ஆட்களைப் பாருங்கள். கடைசியில் வாயால் சொல்லும் அபிப்பிராயத்தைவிட அவர்கள் எப்போது செல்போனைத் திருப்பினார்கள் என்பது நம்பகமானது.

லாக் ஆனபிறகு வரும் வேலையை யாரும் சொல்லிக்கொடுப்பதில்லை, ஆனால் பேர் கெடுவது அங்கேதான். படத்தை இருபது நிமிஷத்துக்கு மிகாத ரீல்களாகப் பிரிக்கவேண்டும். ஒவ்வொரு ரீலிலும் முதல் ஃப்ரேமுக்குச் சரியாக 2 நொடி முன்னால் ஒரே ஒரு ஃப்ரேமுக்கு பீப் சத்தம், படமும் சத்தமும் சேர்கிறதா என்று பார்க்க. சவுண்ட், மியூசிக், சிஜி (கிராஃபிக்ஸ்), டிஐ (கலர் சரிசெய்யும் வேலை) எல்லோருக்கும் திரையில் டைம்கோடு தெரியும் ஒரே வீடியோ. ஃபைல் பெயரில் ரீல் எண்ணும் தேதியும், 'ஃபைனல்' என்ற வார்த்தை எந்தப் பெயரிலும் வேண்டாம். ஷூட்டிங் தொடங்கும் முன்பே கேமராமேன், ஒலிப்பதிவாளர் இருவரிடமும் ஃப்ரேம் ரேட் 24-ஆ, 23.976-ஆ என்று கேட்டு எழுதி வாங்குங்கள். ஒருவர் அதிலும் ஒருவர் இதிலும் வைத்தால் இரண்டரை மணி நேரப் படத்தில் படமும் சத்தமும் சுமார் 9 நொடி விலகும். டிவிக்கு 25 என்பது தனி. லாக்குக்குப் பிறகு ஒரு ஷாட் மாறினால் என்ன மாறியது என்று பட்டியல் போட்டு எல்லோருக்கும் அனுப்பவேண்டும். போனில் சொன்னது சொன்னதாகாது.

சென்சாருக்குப் போகும்போது எடிட்டர் பக்கத்தில் இருப்பது நல்லது. 2024 விதிகளின்படி யுஏ என்ற ஒரே பிரிவு யுஏ 7+, 13+, 16+ என்று மூன்றாகிவிட்டது. தயாரிப்பாளர் 13+ கேட்பார், கத்தியால் குத்தும் ஒரு ஷாட்டும் இரண்டு கெட்ட வார்த்தையும் குறுக்கே நிற்கும். மாற்று ஷாட்டையும் மியூட் பண்ணிய வரியையும் முன்கூட்டியே தயாராக வைத்திருந்தால் ரிலீஸ் தேதி தள்ளாது.

பணம். வாய்ப்பேச்சில் வேலை தொடங்காதீர்கள். ஒரு பக்கத்தில் எழுதிய ஒப்பந்தம் போதும். அட்வான்ஸ், முதல் கட், லாக் என்று பிரித்து, டிஐக்கு ஃபைல் போவதற்குமுன் மொத்தமும் வந்துவிடவேண்டும். "ரிலீஸுக்கு அப்புறம் பாத்துக்கலாம் தம்பி" என்று சொன்ன ஒருவர் இன்னும் பார்த்துக்கொண்டே இருக்கிறார். அதற்காக ஹார்ட் டிஸ்க்கைப் பிடித்து வைத்துக்கொள்வதில் எனக்கு உடன்பாடில்லை. ஒருதடவை அப்படிச் செய்தவரிடம் அடுத்த ஆள் ஃபுட்டேஜைக் கொடுக்கமாட்டார். பணம் வரும்வரை அடுத்த கட்டத்தைத் தொடங்காமல் இருப்பது வேறு, அதை முன்பே எழுதிவைத்தால் யாரும் கோபிக்கமாட்டார்கள். ஃபெப்சியோடு (சினிமாத் தொழிலாளர் சங்கங்களின் கூட்டமைப்பு) இணைந்த எடிட்டர் சங்கத்தில் உறுப்பினர் அட்டை வாங்கக் கட்டணம் கொஞ்சம் கனம்தான், ஆனால் பெரிய கம்பெனிப் படத்தில் அட்டை கேட்பார்கள். அதற்குச் சீக்கிரமே சேமிக்கத் தொடங்குங்கள்.

படம் மட்டுமே நம்பிப் பிழைக்கமுடியாது. விளம்பரம், ட்ரெய்லர், யூடியூப் சேனல், கல்யாண வீடியோ எதையும் கேவலமாக நினைக்கவேண்டாம். 2020-இல் மார்ச்சில் ஷூட்டிங் எல்லாம் நின்றது. மே மாதம் முதலில் அனுமதி கிடைத்தது போஸ்ட் ப்ரொடக்‌ஷன் வேலைகளுக்குத்தான், அதுவும் ஒரு ரூமில் ஐந்து பேருக்கு மிகாமல். லைட்மேன்களும் டிரைவர்களும் வீட்டில் இருந்தபோது எங்களுக்கு வேலை இருந்தது. அந்த நாட்களில்தான் எதிரில் டைரக்டர் இல்லாமல் வீட்டிலிருந்து எடிட் பண்ணி லிங்க் அனுப்பும் பழக்கம் வந்தது. வசதிதான். ஆனால் லிங்க்கில் பார்க்கிறவர் சீன் நெளியும்போது நெளிவதை நாம் பார்க்கமுடியாது. முக்கியமான ரீல்களை இன்றும் நேரில்தான் காட்டுகிறேன்.

உடம்பு. ஹாலிவுட் எடிட்டர் வால்டர் மர்ச் நின்றுகொண்டே எடிட் பண்ணுவார் என்று தெரிந்து நானும் மேஜையை உயர்த்திப் பார்த்தேன். ஃபுட்டேஜை முதல்முறை பார்ப்பதற்கு நிற்பது நன்றாக இருக்கிறது, தூக்கம் வராது. நுணுக்கமாக ட்ரிம் பண்ண எனக்கு உட்காரவேண்டும். இருட்டு ரூமில் மானிட்டருக்குப் பின்னால் மங்கலாக ஒரு வெள்ளை விளக்கு வைத்தால் கண்ணெரிச்சல் பாதியாகக் குறைகிறது. முதல் அட்வான்ஸ் வந்ததும் எல்லோரும் கிராஃபிக்ஸ் கார்டு வாங்க ஓடுகிறார்கள். முதலில் நாற்காலி வாங்குங்கள், அப்புறம் நல்ல ஹெட்போன், கார்டு மூன்றாவது. புது நாற்காலிக்குக் காசு இல்லையென்றால் ஐடி கம்பெனிகள் கழித்துப்போட்டது பாதி விலைக்குக் கீழேயே கிடைக்கும். உட்கார்ந்து, சாய்ந்து, கைப்பிடி ஆடுகிறதா என்று பார்த்து வாங்குங்கள்.